அரை அடி மீதி

“மாமா, இந்தக் கதவைத் திறந்தா எந்த உலகம் வரும்னு யார் முடிவு பண்றது? நீங்களா?”

கேட்டது அக்கா பையன். பத்தாம் வகுப்பு. இடம், மேற்கு மாம்பலத்தில் எங்கள் ஃபிளாட்டின் மொட்டை மாடி. தண்ணீர்த் தொட்டி நிழலில் பாய் விரித்து, நடுவில் பாட்டியின் பித்தளைத் தாயக்கட்டை. ஞாயிறு சாயங்காலம் ஆனால் அவனும் அவன் கூட்டாளிகள் மூன்று பேரும் வந்துவிடுவார்கள். நான் கதை சொல்வேன், அவர்கள் கட்டையை உருட்டி அந்தக் கதைக்குள் நடப்பார்கள். இரண்டு வருஷமாக இப்படித்தான் ஓடுகிறது. சுண்டல், பஜ்ஜி செலவு என்னுடையது.

கதையில் பதினான்கு உலகங்கள். ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குப் போகக் கதவுகள். அந்தக் கதவுகளைக் கட்டுகிறவர்கள் நிலைத்தச்சர்கள். அவ்வளவுதான் என்னிடம் இருந்தது. எந்தக் கதவு எங்கே திறக்கும் என்பதை அந்தந்த வாரம் என் வாய்க்கு வந்தபடி சொல்லிக்கொண்டிருந்தேன். பையன் அதைக் கண்டுபிடித்துவிட்டான்.

“ஆமா, நான்தான்” என்றேன்.

“அப்போ அது மந்திரம் இல்ல மாமா. உங்க மூடு.”

கூட்டாளிகளில் ஒருத்தி, எதிர் ஃபிளாட் பெண், சிரித்துவிட்டாள். எனக்கு முகம் சுருங்கிப்போனது. அன்றைக்கு ஆட்டத்தைச் சீக்கிரம் முடித்துவிட்டேன்.

நான் பிழைப்புக்குப் பிளான் போடுகிறவன். ஆட்டோகேட் வருவதற்கு முன்பு டிரேசிங் பேப்பரில் போட்டேன், இப்போது திரையில் போடுகிறேன். 25 வருஷமாக அடுத்தவர் வீட்டுச் சுவர்களை நகர்த்திக்கொண்டிருப்பவனுக்கு, தன் கதையில் ஒரு கதவுக்குக் கணக்குச் சொல்லத் தெரியவில்லை. அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை. எழுந்து உட்கார்ந்து நோட்டில் எழுத ஆரம்பித்தேன். அந்த நோட்டு இப்போது மூன்றாகிவிட்டது. அதில் இருப்பதைத்தான் இங்கே சொல்லப்போகிறேன்.

முதலில் பதினான்கு. ஈரேழு பதினான்கு உலகம் என்று எல்லாப் பாட்டியும் சொல்வதுதான். என் தலைக்குள் அது ஏறியது மவுண்ட் ரோட்டில். சின்ன வயதில் அப்பா பஸ்ஸில் கூட்டிப்போகும்போது எல்.ஐ.சி. கட்டடத்தைக் காட்டி, “பதினாலு மாடிடா” என்பார். 1959இல் திறந்தபோது இந்தியாவிலேயே உயரமான கட்டடம் அது. 177 அடி. பாட்டி சொன்ன பதினான்கும் அப்பா காட்டிய பதினான்கும் எனக்கு ஒன்றாகிவிட்டன. ஒவ்வொரு மாடியும் ஒரு உலகம், லிஃப்ட் பையனுக்கு எல்லாக் கடவுளையும் தெரியும் என்று ரொம்ப நாள் நம்பினேன். தமிழில் மாடிக்கும் தளம், கணிதத்தில் பரப்புக்கும் தளம். அதனால் என் கதையில் உலகம் என்று சொல்வதில்லை, தளம் என்றுதான் சொல்கிறோம். முதல் தளம் பூலோகம், நம்முடையது. அதற்கு மேலே புவர்லோகம் தொடங்கி ஏழாவதாகச் சத்தியலோகம் வரை. எட்டாவது அதலம். அப்படியே கீழே இறங்கினால் பதினான்காவது பாதாளம்.

“ஏன் பதினாலோட நிறுத்திட்டீங்க?” என்று ஒருவன் கேட்டான். நியாயம்தான். மாணிக்கவாசகர் திருவண்டப்பகுதியில் அண்டங்கள் நூற்றொரு கோடிக்கும் மேல் என்கிறார். வீட்டுக்குள் நுழைகிற வெயில் கீற்றில் தூசி மிதக்குமே, இறைவன் முன்னால் அவை அந்தத் தூசி அளவுதானாம். கூரை ஓட்டு இடுக்கு வழியாக வரும் வெயிலைப் பார்த்து வளர்ந்த யாருக்கும் இந்த உவமை சட்டென்று புரியும். ஆனால் நூற்றொரு கோடிக்கு நோட்டில் இடமில்லை. பதினான்கு போதும்.

நிலைத்தச்சர்கள் கதவு கட்டுகிற கலைக்குப் பெயர் நிலைநூல். இந்தப் பெயரில் எனக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு. நிலை என்றால் வாசல் சட்டம். நூல் என்றால் சாஸ்திரம். கொத்தனார் பிடிக்கிற கயிறும் நூல்தான். அது போக, சைட்டில் நூல் என்பது ஓர் அளவு. ஒரு அங்குலத்தில் எட்டில் ஒரு பங்கு. “ரெண்டு நூல் தள்ளு” என்று மேஸ்திரி கத்தினால் கால் அங்குலம் நகர்த்த வேண்டும். நெடுநல்வாடையில் அரண்மனைக்கு இடம் குறிப்பவர்களை நூலறி புலவர் என்றே சொல்கிறார்கள். இரண்டு கோல் நட்டு, நிழல் எந்தப் பக்கமும் சாயாத உச்சிவேளையில் திசை பார்த்து, கயிறு பிடித்து மனை வகுப்பார்கள். ஆயிரம் வருஷங்களுக்கு மேலாகியும் நாங்கள் இன்னும் கயிறுதான் பிடிக்கிறோம். சுண்ணாம்புப் பொடி மட்டும் கூடியிருக்கிறது.

இப்போது கணக்குக்கு வருகிறேன். இதற்காகத்தான் இந்தப் பதிவே.

சென்னையில் வீடு கட்டுகிற பத்துப் பேரில் எத்தனை பேர் மனையடி பார்ப்பார்கள் என்று என்னைக் கேட்டால், பார்க்காத ஆளைத்தான் எனக்கு ஞாபகம் இருக்கும். பஞ்சாங்கத்தின் கடைசிப் பக்கங்களில் அந்தப் பட்டியல் வரும். அறையின் உள்கூடு, அதாவது சுவருக்குச் சுவர் உள்ளளவு, இத்தனை அடி இருந்தால் இன்ன பலன். 6 நல்லது, 7 ஆகாது, 8 நல்லது, 9 ஆகாது, 10, 11 நல்லது. 12 முதல் 15 வரை பக்கமே போகக்கூடாது. 16, 17 நல்லது. அதனால்தான் ஊரில் பாதிப் படுக்கையறைகள் 10க்கு 11. கொஞ்சம் வசதியென்றால் 10க்கு 16, ஹால் என்றால் 11க்கு 16. கட்டில் போட 12 அடி வசதியாக இருக்கும் என்று சொல்லிப் பாருங்கள், உங்களை வீட்டுக்கு ஆகாதவன் மாதிரி பார்ப்பார்கள்.

இன்னொரு கணக்கும் இருக்கிறது. ஆயாதி. கோயில் கட்டுகிற ஸ்தபதிகள் போடுவது. அதில் யோனிப் பொருத்தம் என்று ஒன்று. சுற்றளவை மூன்றால் பெருக்கி எட்டால் வகுக்க வேண்டும். வருகிற ஈவைத் தூக்கிப் போட்டுவிடலாம், மீதிதான் முக்கியம். மீதி 1 வந்தால் கொடி, 2 புகை, 3 சிங்கம், 4 நாய், 5 எருது, 6 கழுதை, 7 யானை. மீதியில்லாமல் போனால் எட்டு என்று கொள்ள வேண்டும், அது காகம். ஒற்றைப்படை நல்லது, இரட்டைப்படை ஆகாது.

ராத்திரி இரண்டு மணிக்கு, ஒரு வேலையற்ற ஆர்வத்தில், மனையடிக்காரர்களின் செல்ல அறைகளுக்கெல்லாம் யோனி போட்டுப் பார்த்தேன். 10க்கு 11, சுற்றளவு 42, மூன்றால் பெருக்கினால் 126, எட்டால் வகுத்தால் மீதி 6. கழுதை. சரி, அடுத்தது. 10க்கு 16, சுற்றளவு 52, பெருக்கினால் 156, மீதி 4. நாய். 11க்கு 16, சுற்றளவு 54, பெருக்கினால் 162, மீதி 2. புகை.

கைதான் தப்புப் பண்ணுகிறது என்று நினைத்து மறுபடி போட்டேன். அப்புறம்தான் உறைத்தது. நீளமும் அகலமும் முழு அடியாக இருந்தால் சுற்றளவு எப்போதும் இரட்டைப்படைதான். இரட்டைப்படையை மூன்றால் பெருக்கினாலும் இரட்டை, எட்டால் வகுத்த மீதியும் இரட்டை. முழு அடியில் கட்டிய எந்த அறைக்கும் நல்ல யோனி கிடைக்கவே கிடைக்காது! ஸ்தபதிகளுக்கு இந்தப் பிரச்சினை இல்லை. அவர்கள் முழத்திலும் விரலிலும் போடுகிறவர்கள், 24 விரல் ஒரு முழம். அடிக்கணக்கில் இரண்டையும் கலந்த என்னைப் போன்ற ஆசாமிக்குத்தான் கழுதை வரும்.

நான் மாணவனாக இருந்திருந்தால் இதோடு புத்தகத்தை மூடியிருப்பேன். கதைக்காரனுக்கு இது புதையல். ஒரு பக்கத்தை அரை அடி கூட்டிப் பாருங்கள். பத்தரைக்குப் பதினொன்று, சுற்றளவு 43, பெருக்கினால் 129, மீதி 1. கொடி! பத்தரைக்குப் பதினாறு, சுற்றளவு 53, பெருக்கினால் 159, மீதி 7. யானை! மந்திரம் எங்கே இருக்கிறது என்று தெரிந்துவிட்டது. அந்த அரை அடியில்.

எண்ணில் அர்த்தம் வைப்பது நமக்குப் புதிதில்லை. கன்னியாகுமரி வள்ளுவர் சிலை 133 அடி. பீடம் 38, அது அறத்துப்பாலின் அதிகாரங்கள். சிலை 95, மீதி இரண்டு பால்களும். ஆனால் அது ஆள் யோசித்து வைத்த எண். எனக்கு வேண்டியது யாரும் வைக்காத எண். வகுத்த பிறகு தானாக நிற்கிற மீதி. அதை என்னாலும் மாற்ற முடியாது, பையனாலும் முடியாது. அவன் கேட்டதும் அதைத்தானே.

சட்டம் இரண்டே வரி. சுற்றளவை மூன்றால் பெருக்கு. எட்டால் வகுத்த மீதி கதவின் குணம், பதினாலால் வகுத்த மீதி அது திறக்கும் தளம். முதல் பாதி பழையது, இரண்டாவது பாதி என் சரக்கு. பத்தரைக்குப் பதினொன்றில் 129ஐப் பதினாலால் வகுத்தால் 3 மிஞ்சும், ஆக மூன்றாவது தளம், கொடிக் கதவு. பசங்களுக்காக அரை அடிக்குக் கீழே போவதில்லை. கதைக்குள் இருக்கும் பெரிய நிலைத்தச்சர்கள் நூல் வரைக்கும் கணக்குப் பார்ப்பார்கள்.

அடுத்த ஞாயிறு இதைக் கம்பீரமாக அறிவித்தேன். பத்து நிமிஷம் அமைதி. நான்கு பேரும் மொபைலில் கால்குலேட்டர் தட்டிக்கொண்டிருந்தார்கள். எதிர் ஃபிளாட் பெண் தலையைத் தூக்கினாள்.

“அங்கிள், ரெண்டாவது தளத்துக்குப் போகவே முடியாதே?”

“ஏம்மா?”

“ஒத்தப்படை வந்தாதானே நல்ல கதவு. அதையே பதினாலால வகுத்தா மீதியும் ஒத்தப்படைதான் வரும். ஒண்ணு, மூணு, அஞ்சு, ஏழு... ரெண்டு, நாலு எல்லாம் வராது. பாதாளமும் வராது.”

எனக்கு அது தெரியாது. சத்தியமாகத் தெரியாது. நான் போட்ட சட்டத்துக்குள் நான் போடாத ஒரு பூட்டு இருந்திருக்கிறது. ஏழு தளங்களுக்கு வழியே கிடையாது. தெரிந்ததுபோல் தலையாட்டி, “அதான் ரகசியம்” என்று சொல்லிவிட்டு சுண்டலை எடுத்து வாயில் போட்டுக்கொண்டேன்.

“போக முடியாதுன்னு இல்ல மாமா” என்றான் அக்கா பையன். “கெட்ட கதவு வழியாப் போலாம். 10க்கு 11 ரூம் கழுதைன்னு சொன்னீங்கள்ல? 126. பதினாலால வகுத்தா மீதியே இல்ல. பாதாளம்.”

பாயில் இருந்த எல்லோரும் ஒரே நேரத்தில் சுற்றிப் பார்த்தோம். மாம்பலம், தி. நகர், அசோக் நகர். கண்ணுக்கு எட்டிய வரை அபார்ட்மென்ட். ஒவ்வொன்றிலும் 10க்கு 11 படுக்கையறை. மனையடி பார்த்து, ஜோசியர் கையால் பென்சில் குறி வாங்கி, லோன் போட்டு, பாதாளத்துக்கு வாசல் வைத்திருக்கிறார்கள்.

அன்றைக்கு நாங்கள் ஐந்து பேருமாகச் சேர்ந்து எடுத்த முடிவு இது. ஒற்றைக் கதவில் இரண்டு பக்கமும் போக்குவரத்து உண்டு. இரட்டைக் கதவு ஒருவழிப்பாதை. அங்கிருந்து இங்கே வரலாம், இங்கிருந்து அங்கே போக முடியாது. 10க்கு 16 படுக்கையறைக்குள் இரண்டாவது தளத்து நாய் வரும், 11க்கு 16 கூடத்துக்குள் அதலத்துப் புகை வரும். இந்த ஊரில் இத்தனை நாயும் காகமும் எங்கிருந்து வந்தன என்பதற்கு இதைவிடப் பொருத்தமான விளக்கம் எனக்குக் கிடைக்கவில்லை.

அதற்கப்புறம் சைட்டுக்குப் போனாலே நோட்டு நிறைய ஆரம்பித்தது. ஒரு சம்பவம் சொல்கிறேன். பல வருஷத்துக்கு முந்தையது, எந்த ஏரியா என்பது வேண்டாம். வீட்டுக்காரர் பூஜை அறையைத் தன் டேப்பால் அளந்துவிட்டு எனக்கு போன் போட்டார். “சார், பத்தடி இல்ல சார், ஒன்பது அடி பதினொரு அங்குலம்தான் இருக்கு.” தப்பு எங்கள் பக்கம்தான். உள் பூச்சு அரை அங்குலம், இரண்டு சுவருக்கும் சேர்த்து ஒரு அங்குலம். உள்கூடு பத்தடி வேண்டுமென்றால் செங்கல்லுக்குச் செங்கல் பத்தடி ஒரு அங்குலம் விட்டிருக்க வேண்டும். நான் பிளானில் எழுதியது பூச்சுக்குப் பிறகான அளவு. கொத்தனார் அதைச் செங்கல் அளவாக எடுத்துக்கொண்டார். வீட்டுக்காரரைப் பொறுத்தவரை பத்துக்கு ஒரு அங்குலம் குறைந்தாலும் அது ஒன்பது, ஒன்பது ஆகாது. மூன்று நாள், ஒரு சித்தாள், உளி, சுத்தியல். ஒரு பக்கப் பூச்சைக் கொத்தி எடுத்துவிட்டு, சுவரையும் கொஞ்சம் செதுக்கி, ஒல்லியாக மறுபூச்சு பூசினோம். கூலி என் கையிலிருந்து போனது. ரசமட்டத்தை வைத்துக் காட்டிய பிறகும் அவர் முகம் தெளியவில்லை.

அந்த வயிற்றெரிச்சல்தான் நிலைநூலின் மூன்றாவது சட்டம். பூச்சு உதிர்ந்தால் உள்கூடு வளரும். ஆள் குடியிருந்து, வருஷா வருஷம் வெள்ளையடித்து, பொத்தல் அடைத்துக்கொண்டிருக்கும் வரை கதவு கட்டியவன் சொன்ன தளத்திலேயே நிற்கும். பூட்டிப் போட்ட வீட்டில் மழைக்குப் பூச்சு ஊறி விழும். ஒரு நூல், இரண்டு நூல் என்று அறை பெரிதாகிக்கொண்டே போகும். ஒருநாள் மீதி மாறிவிடும், கதவு வேறெங்கோ திறக்கும். பாழடைந்த வீட்டில் ஏன் நடமாட்டம் கேட்கிறது என்றால் அதனால்தான். அதனால் என் கதையில் பேய் ஓட்டுகிறவர் மந்திரவாதி இல்லை, கரணையும் கலவையுமாக வருகிற பூச்சுக் கொத்தனார்.

வாசல்படிக்கு அடியில் வைப்பது இன்னொரு அத்தியாயம். நிஜத்தில் நிலை வைக்கிற அன்று மஞ்சள் குங்குமம் இட்டு, மாவிலை கட்டி, அடியில் நவதானியம், காசு, கொஞ்சம் பொட்டுத் தங்கம் வைப்பார்கள். அதைக் கொஞ்சம் திருகினேன். நிலைநூலில் கதவு உயிர்பெற, அதைக் கடக்கப் போகிறவன் தன்னுடைய ஒன்றைப் படிக்கு அடியில் புதைக்க வேண்டும். காணோமென்றால் தேடுகிற பொருளாக இருக்க வேண்டும், அவ்வளவுதான் நிபந்தனை. திருடன் வேஷம் கட்டியிருந்த பையன் கெட்டிக்காரன். “என் பசியைப் புதைக்கிறேன்” என்றான். செலவில்லாமல் தப்பித்துவிட்டதாக அவனுக்கு எண்ணம். சரி என்று விட்டுவிட்டேன். அடுத்த மூன்று ஞாயிறும் அவர்கள் போன தளத்தில், விருந்தாளி எத்தனை தடவை மறுசோறு கேட்கிறான் என்பதை வைத்துத்தான் ஊர் மரியாதை. இவனுக்குச் சாப்பிடவே தோன்றாது. ஒவ்வொரு வீட்டிலும் இலையை மூடிவிட்டு எழுந்து, ஒவ்வொரு வீட்டிலும் பகை சம்பாதித்தான். நான்காவது ஞாயிறு, படியைப் பெயர்த்தாவது பசியை எடுத்துக்கொண்டு வருவேன் என்று ஒற்றைக் காலில் நின்றான்.

நேரக் கணக்கு எனக்கு இலவசமாகவே கிடைத்தது. வாஸ்து நாள் தெரியுமல்லவா? வருஷத்தில் எட்டே நாள்தான் வாஸ்து புருஷன் கண் விழிக்கிறார். ஆனி, புரட்டாசி, மார்கழி, பங்குனியில் விழிப்பே கிடையாது. விழித்தால் ஒன்றரை மணி நேரம். பல் துலக்கி, குளித்து, பூஜை செய்து, சாப்பிட்டு, வெற்றிலை போட்டுவிட்டு மறுபடி படுத்துவிடுவார். ஒவ்வொன்றுக்கும் 18 நிமிஷம். பூமி பூஜையைச் சாப்பாட்டிலும் வெற்றிலையிலும் முடிக்க வேண்டும், அந்த 36 நிமிஷம்தான் உத்தமம். இப்படியொரு மந்திர விதியை நான் உட்கார்ந்து யோசித்திருந்தால் வந்திருக்காது. குளிக்கிறவரைத் தொந்தரவு பண்ணாதே, வெற்றிலை போடும்போது கேள், கொடுப்பார்! அதனால் எங்கள் ஆட்டத்தில் நிலை நிறுத்த மொபைலில் நிஜமாகவே 36 நிமிஷம் டைமர் வைக்கிறோம். வாக்குவாதம் செய்தே பாதி நேரத்தைத் தொலைப்பார்கள். சைட்டிலும் அப்படித்தான். ஐயர் வந்து, மாமனார் வந்து, செங்கல்லில் பொட்டு வைத்து முடிப்பதற்குள் வாஸ்து புருஷன் கொட்டாவி விட்டிருப்பார்.

தளங்கள் எப்படி இருக்கும் என்று எல்லாவற்றையும் சொல்ல முடியாது, பசங்கள் இன்னும் போகவில்லை. மூன்றாவதில் தூக்குக்குண்டு செங்குத்தாகத் தொங்காது, யார் பொய் சொல்கிறார்களோ அந்தப் பக்கம் சாயும். அதனால் அங்கே கொத்தனார்கள் வாயைத் திறப்பதில்லை, சுவர் மட்டும் நேராக நிற்கும். ஐந்தாவதில் தண்ணீர் நிரப்பி மட்டம் பார்க்கிற டியூப் லெவல் வேலை செய்யாது, தண்ணீருக்கு மட்டம் தெரியாது. அந்தத் தளத்தில் ஒரு நீதிமன்றம், உச்சியில் கப்பல்களுக்கு விளக்கு. இதை நான் கற்பனை செய்ததாகப் பையன் நினைத்தான். பாரிமுனைக்குக் கூட்டிப்போய் உயர் நீதிமன்றக் கோபுரத்தைக் காட்டினேன். 1894இலிருந்து 1977 வரை அதன் தலையில்தான் கலங்கரை விளக்கம் எரிந்தது, அப்புறம்தான் மெரினாவுக்குப் போனது. கீழே வழக்கு, மேலே கப்பலுக்கு வெளிச்சம். நிஜ ஊர் இப்படி இருந்தால் கதை எழுதுகிறவன் கூலி வாங்கவே கூச்சப்படுவான்.

கடைசியாக ஒன்று பாக்கி இருக்கிறது. தாத்தா வீடு.

நாங்கள் இப்போது இருக்கும் ஃபிளாட் நிற்கிற இடத்தில்தான் அது இருந்தது. மெட்ராஸ் டெரஸ் வீடு. தேக்கு உத்தரங்களுக்கு மேல் சின்னச் சின்னச் செங்கல்லைக் குத்துக்கல்லாக, குறுக்குச் சாய்வில், சுண்ணாம்புக் காரையில் அடுக்கிப் போட்ட மாடி. வெயிலில் கீழே படுத்தால் ஃபேன் தேவைப்படாது. பங்காளிகள் பேசி முடிவெடுத்து பில்டரிடம் கொடுத்தோம். பிளான் போட்டது நான்தான், அதில் ஒளிக்க எதுவுமில்லை. இடிக்கிற ஒப்பந்தக்காரர்கள் பழைய வீட்டுக்கு நமக்கே காசு கொடுத்து இடிப்பார்கள். தேக்கு, கம்பி, செங்கல், கதவு எல்லாம் அவர்களுக்கு. முன்வாசல் நிலையை மட்டும் எடுத்து வைக்கச் சொல்லியிருந்தேன். நான் சைட்டுக்குப் போய்ச் சேர்ந்தபோது மணி பதினொன்று, லாரி எட்டரைக்கே கிளம்பிவிட்டிருந்தது. யாரிடம் கத்துவது? எழுதிக் கொடுக்காதது என் தப்பு. அடுத்தவன் வீட்டுக்கு எல்லாவற்றையும் எழுதிக் கொடுக்கிறவன்.

பசங்களிடம் இதை ஒருநாள் சொல்லிவிட்டேன். உடனே நிலைநூலில் ஒரு கேள்வி வந்தது. வீடே போய்விட்டது, நிலை மட்டும் எங்கேயோ இருக்கிறது, அது எந்தத் தளத்துக்குத் திறக்கும்? சுற்றளவு எடுக்க அறை இல்லையே. கொஞ்சம் வாதாடி ஒரு முடிவுக்கு வந்தார்கள். வீடு போன நிலைக்கு அதன் சொந்த அளவுதான் கணக்கு.

போன மாதம் ஒரு வேலையாக வெளியே போனபோது பையனும் கூட வந்திருந்தான். ரோட்டோரத்தில் பழைய கதவு ஜன்னல் விற்கிற கடை. ஸ்கூட்டரை நிறுத்தச் சொன்னவன் அவன்தான். தார்ப்பாய்க்குக் கீழே ஐம்பது அறுபது நிலைகள் ஒன்றன்மேல் ஒன்று சாய்த்து வைத்திருந்தார்கள். பச்சை, நீலம், ஆனந்தா கலர் என்று நான் சொல்கிற அந்த மங்கல் பழுப்பு. ஒரு நிலையில் மட்டும் மேல் சட்டத்தில் மாவிலைக்கு அடித்த ஆணி ஓட்டைகள் வரிசையாக ஐந்து. நடுவில் இருந்ததில் ஆணி உடைந்து உள்ளேயே நின்றுபோயிருந்தது. எங்கள் வீட்டிலும் நடு ஆணி உடைந்திருந்தது. பாட்டி அந்த இடத்தில் நூலைச் சுற்றிக் கட்டுவாள். ஊரில் எத்தனை வீட்டில் நடு ஆணி உடைந்திருக்கும் என்று தெரியாமல் இல்லை. கட்டை விரலால் தடவிப் பார்த்தேன். துரு.

“அளந்து பாருங்க மாமா.”

பையில் டேப் எப்போதும் இருக்கும். அகலம் மூன்றரை அடி. உயரம் சரியாக ஆறு. ஒரு நூல் கூடக் குறையக் கிடையாது. இந்தக் காலத்து ஃபிளாட்டுக்கு ஏழடி நிலை, இது ஒருத்தருக்கும் ஆகாது. ஆள் கொஞ்சம் குனிந்துதான் நுழைய வேண்டும்.

அவன் கால்குலேட்டரை எடுக்கவில்லை, வாயாலேயே போட்டான். “பத்தொன்பது. மூணால பெருக்கினா அம்பத்தேழு. எட்டால வகுத்தா ஒண்ணு, கொடி. பதினாலால வகுத்தா...” நிறுத்தினான். மறுபடி முணுமுணுத்தான். “அதுவும் ஒண்ணுதான் மாமா. முதல் தளம். நம்ம தளம்.”

கடைக்காரர் அதற்குள் பக்கத்தில் வந்து, தேக்குதான் சார், பர்மா தேக்கு, என்று ஆரம்பித்துவிட்டார். உங்க வாசல் சைஸ் என்ன என்று கேட்டார். நான் பதில் சொல்வதற்குள் பையன் அந்த நிலையை மற்றவற்றிலிருந்து இழுத்து நிமிர்த்திவிட்டிருந்தான். ஒரு கையால் பிடித்துக்கொண்டு, தலையைக் குனிந்து, அந்தப் பக்கம் போய் நின்றான். அங்கே உடைந்த வாஷ்பேசின்கள், ஜன்னல் கிரில், வரிசையாக டாய்லெட் கதவுகள்.

“எப்படிடா இருக்கு அங்க?” என்றேன்.

“வெயில்தான் மாமா. சீக்கிரம் வாங்க, கை வலிக்குது.”